டைனோசார் சூப்பர்வைசர்

பேத்தி லீவுக்கு வந்திருந்தபோது செல்போனில் ஒன்றைக் காட்டிச் சிரித்தாள். 'ஜுராசிக் பார்க்' படத்தின் கடைசியில் பெயர்கள் ஓடுமே, அந்த இடம். அதில் 'டைனோசார் சூப்பர்வைசர் – ஃபில் டிப்பெட்' என்று போட்டிருந்தது. படம் முழுக்க டைனோசார்கள் கூண்டை உடைத்துக்கொண்டு வந்து ஆட்களைத் தின்கின்றன, இந்த மனிதர் என்னத்தை சூப்பர்வைஸ் செய்தார் என்று யாரோ கேலி செய்திருந்தார்கள். உலகம் முழுக்க ஓடிக்கொண்டிருக்கும் பழைய ஜோக்காம் இது.

நானும் சிரித்தேன். நம் ஊரில் சூப்பர்வைசர் என்றால் கக்கத்தில் குடையும் கையில் மஸ்டர் ரோலுமாக மர நிழலில் நிற்பவர். ஆனால் அந்தப் பெயர் எனக்குத் தெரிந்த பெயர். அந்த 'சூப்பர்வைசர்' பட்டம் அவருக்கு எப்படி வந்தது என்ற கதை, டிராயிங் போர்டில் இருபது வருஷம் குனிந்து நின்ற என்னைப் போன்றவனுக்குச் சிரிக்கிற கதை இல்லை. பேத்திக்குச் சொன்னதை இங்கேயும் எழுதி வைக்கிறேன்.

ஃபில் டிப்பெட் 1951-இல் அமெரிக்காவில், கலிபோர்னியா மாநிலத்தின் பெர்க்லி நகரில் பிறந்தவர். ஏழு வயதில் ஒரு சிந்துபாத் படம் பார்த்தார். 1958-இல் வந்த 'செவன்த் வாயேஜ் ஆஃப் சிந்துபாத்'. நமக்கு சிந்துபாத் என்றால் தினத்தந்தியின் கன்னித்தீவு. காலையில் பேப்பர் வந்ததும் தலைப்புச் செய்திக்கு முன்னால் அதைத்தானே பார்ப்போம்? அந்தச் சிறுவனுக்கு சிந்துபாத் என்றால் ஒற்றைக் கண் அரக்கன். ஆட்டுக் கால்களோடு கடற்கரையில் நடந்து வருகிற அந்த அரக்கன் எப்படி நடந்தான் என்ற கேள்வி அவரை வாழ்நாள் முழுக்க விடவில்லை.

அரக்கனை நடக்க வைத்தவர் ரே ஹாரிஹவுசன். அவருக்கும் இதே மாதிரி ஒரு கதை உண்டு. 1933-இல் பதின்மூன்று வயதில் 'கிங்காங்' பார்த்துவிட்டு, அந்தக் குரங்கு எப்படி அசைந்தது என்று மண்டையைக் குடைந்துகொண்டு கிடந்தவர். பிறகு கிங்காங்கை அசைத்த வில்லிஸ் ஓ'பிரையனிடமே உதவியாளராகச் சேர்ந்தார். நம் ஊர் நாதஸ்வர வித்வான்கள் குருபரம்பரை சொல்வார்களே, அப்படி இது ஒரு பரம்பரை: ஓ'பிரையன், ஹாரிஹவுசன், டிப்பெட்.

இந்தப் பரம்பரையின் வித்தை என்ன? சினிமாவில் ஒரு நொடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. ஒரு முழம் உயரத்துக்கு ஒரு பொம்மை செய்து கொள்ள வேண்டும். உள்ளே இரும்பு எலும்புக்கூடு, தோள்பட்டை மாதிரி எந்தப் பக்கமும் திரும்பும் பந்துகிண்ண மூட்டுகள், மேலே ரப்பர் தோல். ஒரு படம் எடுக்க வேண்டும். பொம்மையின் காலைத் துளி நகர்த்த வேண்டும். மறுபடி ஒரு படம். இப்படி 24 முறை செய்தால் ஒரு நொடி. ஒரு நிமிஷத்துக்கு 1440 முறை. நடுவில் தும்மல் வந்து கை தட்டிவிட்டால் அன்றைய வேலை போச்சு. 1963-இல் வந்த ஒரு படத்தில் ஏழு எலும்புக்கூடுகள் வாள் சண்டை போடும். சில நிமிஷம்தான் ஓடும் காட்சி. அதற்கு ஹாரிஹவுசன் தன்னந்தனியாக நாலு மாதத்துக்கு மேல் நின்றார்.

பொறுமை இருந்தால் போதும் என்று நினைத்துவிடக் கூடாது. பொம்மையின் கனம் ஒரு கிலோ, இரண்டு கிலோ. திரையில் அது பத்து டன்னாகத் தெரிய வேண்டும். கனத்தைக் கண்ணுக்குக் காட்டுவது வேகம்தான். யானை பாதத்தை எடுக்கும்போது உடம்பு முதலில் மறுபக்கம் சாயும். வைத்த பிறகு சதை ஒரு குலுங்கு குலுங்கி அடங்கும். கோயில் யானை பின்னால் நடந்துபோன எல்லோரும் இதைப் பார்த்திருக்கிறோம், கவனித்திருக்க மாட்டோம். டிப்பெட்டின் தொழில் அதைக் கவனிப்பது. ஒவ்வொரு படத்துக்கும் எத்தனை மயிரிழை நகர்த்த வேண்டும் என்பது அவர் விரலில் இருந்தது; எழுதி வைத்த கணக்கு எதுவும் கிடையாது.

கல்லூரியில் ஓவியம் படித்தார். விளம்பரப் படங்கள் எடுக்கும் ஸ்டுடியோவில் வேலை பார்த்தார். 1977-இல் வந்த முதல் 'ஸ்டார் வார்ஸ்' படத்தில் ஒரு சின்ன வாய்ப்பு. விண்கலத்தில் சதுரங்கம் ஆடுவார்கள், காய்கள் உயிரோடு எழுந்து அடித்துக்கொள்ளும். அந்தக் காய்களைச் செய்து அசைத்தவர்கள் டிப்பெட்டும் ஜான் பெர்க்கும். அடுத்த படம் 1980-இல். பனிவெளியில் நாலு கால் இரும்பு வாகனங்கள் படையெடுத்து வரும் காட்சிக்காக உண்மையான யானையை நடக்கவிட்டுப் படமெடுத்துப் பார்த்தார்கள். பனிக்கு சமையல் சோடாவைக் கொட்டினார்கள். மேடைக்கு அடியில் ஆட்கள் ஒளிந்திருந்து, மூடியைத் திறந்து தலையை நீட்டி, காலை நகர்த்திவிட்டு மறுபடி உள்ளே போவார்கள். கேமரா ஒரு படம் எடுக்கும். இப்படித்தான் அந்தப் போர் முழுக்க நடந்தது.

இந்த வித்தையில் ஒரு குறை உண்டு. ஓடுகிற சைக்கிளைப் போட்டோ எடுத்தால் சக்கரத்தின் கம்பிகள் மங்கலாக விழும். பொம்மையோ ஒவ்வொரு படத்திலும் அசையாமல் நிற்பதால் கூர்மையாக விழும். சேர்த்து ஓட்டினால் அசைவு வெட்டி வெட்டித் தெரியும். ஹாரிஹவுசன் படங்களில் அந்த வெட்டு ஒரு அழகு என்று சொல்கிற கட்சி நான். டிப்பெட்டும் அவர் வேலை செய்த இண்டஸ்ட்ரியல் லைட் அண்டு மேஜிக் நிறுவனத்தின் சகாக்களும் இதற்கு ஒரு வழி கண்டார்கள். பொம்மையின் கைகால்களில் கம்பிகளைக் கோத்து, கம்ப்யூட்டர் ஓட்டும் மோட்டார்களோடு இணைத்தார்கள். படம் பதிகிற அந்தக் கணத்திலேயே பொம்மை லேசாக அசையும். மங்கல் தானாக விழும். 'கோ மோஷன்' என்று பெயர். 1981-இல் வந்த 'டிராகன்ஸ்லேயர்' படத்து டிராகனைப் பார்த்தவர்களுக்கு அதன் அருமை தெரியும். கம்ப்யூட்டரை முதலில் வீட்டுக்குள் அழைத்து வந்தவர்களில் அவரும் ஒருவர் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

1984-இல் 'ரிட்டர்ன் ஆஃப் தி ஜெடாய்' படத்துக்காக சகாக்களோடு சேர்ந்து ஆஸ்கர் வாங்கினார். அதே வருஷம் சொந்த ஸ்டுடியோ. டைனோசார்களை வைத்துத் தானே ஒரு குறும்படம் எடுத்தார். அதைப் பார்த்துத் தொலைக்காட்சிக்காரர்கள் ஒரு ஆவணப்படம் செய்யச் சொன்னார்கள், அதற்கு எம்மி விருது. 1987-இல் 'ரோபோகாப்' படத்தில் மாடிப்படி இறங்கத் தெரியாமல் உருண்டு விழுந்து கன்றுக்குட்டி மாதிரி கதறும் ஒரு ராட்சச இயந்திரம் வரும். அதை அசைத்ததும் அவர்தான். இயந்திரத்துக்கு அசட்டுக் களையைக் கொண்டுவர முடிந்த விரல்கள் அவருடையவை.

எனவே ஸ்பீல்பெர்க் 'ஜுராசிக் பார்க்' எடுக்கத் தொடங்கியபோது டைனோசார் வேலை யாரிடம் போகும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இருந்திருக்காது. ஸ்டான் வின்ஸ்டன் முழு அளவில் இயந்திர விலங்குகள் செய்வார். கிட்டப் பார்க்கும் காட்சிகளுக்கு அவை. முழு உடம்பு தெரிய ஓடுகிற காட்சிகளெல்லாம் டிப்பெட்டின் கோ மோஷன். வேலையும் ஆரம்பமாகிவிட்டது. சமையலறைக்குள் இரண்டு குழந்தைகளை ராப்டர்கள் தேடும் காட்சியை, முன்னோட்டமாகப் பொம்மைகளை வைத்தே முழுசாக எடுத்துக் கொடுத்தார்.

இதே சமயம் இண்டஸ்ட்ரியல் லைட் அண்டு மேஜிக்கில் வேறொன்று நடந்துகொண்டிருந்தது. அங்கே டென்னிஸ் மியூரன் என்று ஒருவர். டிப்பெட்டைவிட ஐந்து வயது பெரியவர், அதே பழைய பொம்மைப் படங்களைப் பார்த்து வளர்ந்தவர். காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று அவர் முன்பே மோந்து பார்த்துவிட்டார். வேலையிலிருந்து லீவு எடுத்துக்கொண்டு, தடித்த கம்ப்யூட்டர் கிராபிக்ஸ் பாடப் புத்தகத்தை வைத்துப் படித்த மனிதர் அவர். 1991-இல் வந்த 'டெர்மினேட்டர் 2' படத்தின் பாதரச மனிதன் அவர் மேற்பார்வையில் உருவானவன். ஆனாலும் தோலும் சதையும் உள்ள ஒரு விலங்கைக் கம்ப்யூட்டரில் செய்ய முடியுமா என்பது அப்போது யாருக்கும் நிச்சயமில்லை.

ஸ்டீவ் வில்லியம்ஸ், மார்க் டிப்பே என்ற இரண்டு முரட்டு இளைஞர்கள் யாரும் கேட்காமலே அதைச் செய்து பார்த்தார்கள். டி-ரெக்ஸின் எலும்புக்கூட்டைக் கம்ப்யூட்டருக்குள் கட்டி நடக்கவிட்டார்கள். தயாரிப்பாளர்கள் வந்த நாளில், தற்செயலாக ஓடுவது போல அதைத் திரையில் ஓடவிட்டார்கள். அவர்கள் நின்று பார்த்தார்கள். அப்புறம் தோல் போர்த்திய டி-ரெக்ஸ் பகல் வெளிச்சத்தில் நடந்து வரும் சோதனைப் படம். ஸ்பீல்பெர்க் பார்த்தார். பக்கத்தில் டிப்பெட்டும் இருந்தார்.

வெட்டு இல்லை. கம்பி இல்லை. கனம் இருந்தது. தான் இருபது வருஷம் எதற்காக நின்றாரோ அது அங்கே நடந்துகொண்டிருந்தது, அவர் கை படாமல். நான் அழிந்துபோன இனம் ஆகிவிட்டேன் என்று டிப்பெட் சொன்னார். ஸ்பீல்பெர்க் அந்த வார்த்தையைப் பிடித்துப் படத்திலேயே சேர்த்துவிட்டார். உயிருள்ள டைனோசார்களைப் பார்த்த பிறகு, எலும்பு தோண்டும் விஞ்ஞானி இனி நமக்கு வேலையில்லை என்பார். பக்கத்தில் இருப்பவர், அழிந்துபோனோம் என்று சொல்லுங்கள் என்று திருத்துவார். தியேட்டரில் நாமெல்லாம் சிரித்தோம். அது ஒரு மனிதன் நிஜமாக வயிறெரிந்து சொன்ன வார்த்தை என்பது எனக்குப் பல வருஷம் கழித்துத்தான் தெரிந்தது. டிப்பெட் வீட்டுக்குப் போய் உடம்புக்கு முடியாமல் படுத்துவிட்டார். அப்போதுதான் நாற்பதைத் தொட்டிருந்தார்.

இந்த இடத்தில் என் கதையை நாலு வரி சொல்ல அனுமதியுங்கள். எங்கள் அலுவலகத்துக்குக் கம்ப்யூட்டர் வந்தபோது எனக்கும் ஏறக்குறைய அதே வயது. டிரேசிங் தாளில் மை பேனாவால் கோடு போட்டு, பிழை வந்தால் பிளேடால் சுரண்டி, அமோனியா நெடியில் பிரிண்ட் எடுத்துப் பழகிய டிராப்ட்ஸ்மேன் நான். ஒரு நாள் பிளாட்டரிலிருந்து ஒரு வரைபடம் வந்தது. என் வாழ்நாளில் அவ்வளவு சுத்தமான கோடுகளை நான் போட்டதில்லை. அன்று சாயங்காலம் பேனாக்களைக் கழுவி டப்பாவில் வைத்துப் பூட்டினேன். மறுநாள் அதே வரைபடத்தை நிதானமாகப் பார்த்தேன். மாடிப்படித் திருப்பத்தில் மேலே குறுக்கு உத்தரம். ஐந்தரை அடி ஆள் ஏறினால் நெற்றியில் இடிக்கும். கோடு போட்ட பையனுக்கு அது தெரியவில்லை, அவன் அந்தப் படியில் மனதால் ஏறிப் பார்க்கவில்லை. அவனைக் குறை சொல்ல மாட்டேன், பிறகு என்னைவிட நன்றாக வந்தான். டிப்பெட்டிடம் வருவோம்.

மியூரன் அவரை விடவில்லை. கம்ப்யூட்டர் பையன்களுக்கு மென்பொருள் தெரியும். விலங்கு எப்படி நடக்கும் என்று தெரிந்த ஆள் வேண்டும். கம்ப்யூட்டருக்குள் புவியீர்ப்பு கிடையாது. மேஜை மேல் நிற்கும் பொம்மையைச் சரியாக நிறுத்தாவிட்டால் விழுந்துவிடும். கம்ப்யூட்டர் பொம்மை எப்படி நிறுத்தினாலும் நிற்கும். பாதம் தரையில் வழுக்கும், தரைக்குள்ளேயே புதையும், அதற்கு வலிக்காது. கனத்தை ஒவ்வொரு அடியிலும் ஆள்தான் கொண்டுவர வேண்டும். அதுதான் டிப்பெட்டின் சரக்கு.

இப்படித்தான் 'டைனோசார் சூப்பர்வைசர்' ஆனார். அவருடைய மேற்பார்வையில் இளைஞர்கள் ஊமைக்கூத்து வகுப்புக்குப் போனார்கள். நடிகர்களுக்குச் சொல்லிக் கொடுப்பது போல, உடம்பால் யோசிக்கும் பயிற்சி. கார் நிறுத்துமிடத்தில் கூட்டமாக ஓடி, கட்டைகளைத் தாண்டி, தாங்களே டைனோசார் மந்தையாகிப் பார்த்தார்கள். வளர்ந்த ஆட்கள் கைகளை மார்பில் மடக்கிக்கொண்டு தாவித் தாவி ஓடியதை நினைத்தால் இன்றும் எனக்குச் சிரிப்பு வருகிறது. படத்தில் அந்த மந்தை ஓடும் காட்சியை மறுபடி பாருங்கள். ஒவ்வொன்றும் தனித்தனியாகப் பயந்து ஓடும்.

அவருடைய ஸ்டுடியோவில் கிரேக் ஹேய்ஸ் என்பவர் இன்னொன்று செய்தார். பழைய இரும்பு எலும்புக்கூட்டையே எடுத்து, ஒவ்வொரு மூட்டிலும் உணரிகளைப் பொருத்திக் கம்ப்யூட்டரோடு இணைத்துவிட்டார். பொம்மைக்காரர் தன் பழக்கப்படி கையால் காலை நகர்த்தினால், திரையில் உள்ள டைனோசாரின் கால் நகரும். விசைப்பலகை தெரியாத விரல்கள் அப்படிக் கம்ப்யூட்டரோடு பேசின. மழை இரவில் டி-ரெக்ஸ் வேலியை உடைத்துக்கொண்டு வருகிற இடத்திலும் சமையலறைக் காட்சியிலும் சில துண்டுகள் இந்தக் கருவியால் ஆனவை.

எல்லாம் அவர் சொன்னபடி நடக்கவும் இல்லை. முன்னோட்டப் பொம்மைப் படத்தில் ராப்டர் பாம்பு மாதிரி நாக்கை நீட்டி நீட்டி உள்ளிழுக்கும். டைனோசார் ஆராய்ச்சியாளர் ஜாக் ஹார்னர் அது தப்பு என்று சொல்லிவிட்டார். ஸ்பீல்பெர்க் எடுத்துவிடச் சொன்னார். நாக்கு போனது.

1993 ஜூனில் படம் வந்தது. டைனோசார்கள் திரையில் இருக்கும் நேரத்தில் பாதிக்கும் மேல் வின்ஸ்டனின் இயந்திரங்கள்தான், கம்ப்யூட்டர் பங்கு சில நிமிஷங்களே என்பதைப் பலர் நம்ப மறுப்பார்கள். அடுத்த ஆண்டு ஆஸ்கர் மேடையில் நால்வர் ஏறினார்கள்: மியூரன், வின்ஸ்டன், டிப்பெட், மைக்கேல் லாண்டியேரி. எலும்புக்கூட்டை நடக்கவிட்ட ஸ்டீவ் வில்லியம்ஸ் அந்த நால்வரில் இல்லை. வென்றவர் தரையில், தோற்றவர் மேடையில். இது நியாயமா என்று இன்றுவரை வாதிடுகிறார்கள். எனக்கு இரண்டு பக்கமும் நியாயம் தெரிகிறது.

டிப்பெட் தப்பித்தார். தன் ஸ்டுடியோவையே கம்ப்யூட்டர் ஸ்டுடியோவாக மாற்றினார். 1997-இல் 'ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்' படத்தில் ஆயிரக்கணக்கான ராட்சதப் பூச்சிகள் மலையை மூடிக்கொண்டு வரும், அவர் ஆட்கள் செய்தது. ஆனால் எல்லோருக்கும் டென்னிஸ் மியூரன் மாதிரி நண்பர் கிடைப்பதில்லை. களிமண்ணில் உருவம் செய்தவர்கள், ரப்பர் வார்த்தவர்கள், குட்டி வீடுகளும் கப்பல்களும் கட்டியவர்கள் இருந்த பட்டறையை அந்தப் பெரிய நிறுவனம் 2006-இல் விற்றுவிட்டது. வாங்கிய கம்பெனி ஐந்தாறு வருஷத்தில் திவாலானது. இந்தக் கதையைச் சுபமாகச் சொல்லி முடிக்கிறவர்கள் அந்தப் பட்டறைக்காரர்களைச் சேர்ப்பதில்லை.

கம்ப்யூட்டர்காரர்களும் சுகமாக இல்லை. நம் பாண்டிச்சேரியில் கதை தொடங்கும் 'லைஃப் ஆஃப் பை' படத்தின் புலி நினைவிருக்கிறதா? அதைச் செய்த ரிதம் அண்டு ஹியூஸ் நிறுவனம் 2013-இல் அதற்காக ஆஸ்கர் வாங்கியபோது ஏற்கனவே திவால் மனு போட்டிருந்தது. உள்ளே விருது, வெளியே தெருவில் வேலையிழந்தவர்களின் போராட்டம். மேடையில் விருது வாங்கியவர் கம்பெனியின் கஷ்டத்தைச் சொல்ல வாயெடுத்ததும் வாத்திய இசையைப் போட்டு முடித்துவிட்டார்கள். இருபது வருஷத்தில் சக்கரம் ஒரு சுற்று வந்திருந்தது.

டிப்பெட் கதையில் இன்னும் ஒரு அத்தியாயம் இருக்கிறது. ஜுராசிக் பார்க்குக்கு முன்பே 'மேட் காட்' என்று தன் சொந்தப் பொம்மைப் படம் ஒன்றைத் தொடங்கியிருந்தார். கம்ப்யூட்டர் டி-ரெக்ஸைப் பார்த்த பிறகு, இனி இதை யார் பார்க்கப் போகிறார்கள் என்று பொம்மைகளைப் பெட்டியில் போட்டு மூடினார். ஏறக்குறைய இருபது வருஷம் கழித்து அவர் ஸ்டுடியோவில் வேலை செய்த இளைஞர்கள் அந்தப் பெட்டிகளைப் பார்த்தார்கள். நாள் முழுக்கத் திரையைப் பார்த்து வேலை செய்கிறவர்கள். சனி ஞாயிறுகளில் சம்பளமில்லாமல் வந்து நிற்கிறோம், சொல்லிக் கொடுங்கள் என்றார்கள். 2012-இல் பொதுமக்களிடம் இணையத்தில் பணம் திரட்டினார். பழையபடி ஒரு படம், ஒரு நகர்த்தல். 2021 ஆகஸ்டில் ஸ்விட்சர்லாந்தில் லொகார்னோ திரைப்பட விழாவில் படம் திரைக்கு வந்தது. அடுத்த மாதம் அவருக்கு எழுபது வயது.

அந்தப் படத்தை நான் பார்த்தேன். உண்மையைச் சொன்னால் முழுசாகப் பார்க்க முடியவில்லை. வசனம் ஏறக்குறைய இல்லை. ரத்தமும் சேறுமாக ஒரு நரகம். பேத்தியோடு உட்கார்ந்து பார்க்கிற சமாச்சாரம் இல்லை. பாதியில் நிறுத்திவிட்டு, நாலு நாள் கழித்து மீதியைப் பார்த்தேன். அந்தச் சேற்றில் நடக்கும் முகமூடிக்காரன் காலை எடுத்து வைக்கும் விதம் மட்டும் கண்ணிலேயே நிற்கிறது.

எல்லாவற்றையும் கேட்ட பேத்தி என்னிடம் கேட்டது ஒன்றுதான்: "அந்த நாக்கு நீட்டுற ராப்டர் எங்கே தாத்தா இருக்கு?" தேடினோம். கிடைத்தது. ஒரு குட்டிச் சமையலறை, மேஜைக்கு அடியில் இரண்டு குழந்தைப் பொம்மைகள், வெட்டி வெட்டி நடக்கும் இரண்டு ராப்டர்கள். ஒன்று நின்றது. தலையைச் சாய்த்தது. நாக்கை நீட்டியது. பேத்தி என் கையைப் பிடித்துக்கொண்டாள்.